ஆச்சரியக்குறியைப் பிடுங்கி ஆணியாக அடிப்பது எப்படி: பேசாத கார்ட்டூனில் ஸ்லாப்ஸ்டிக் காமெடி

வசனம் இல்லை, சத்தம் இல்லை, கலர் இல்லை. கறுப்புக் கோட்டில் வரைந்த ஒரு குட்டி உருவம் வழுக்கி விழ வேண்டும், பார்ப்பவர் சிரிக்க வேண்டும். இப்படி விழுந்து, அடிவாங்கிச் சிரிக்க வைப்பதுதான் ஸ்லாப்ஸ்டிக். 1908-இலிருந்து 1928 வரை இருபது வருஷம் பாரிஸிலும் நியூயார்க்கிலும் சில பேர் இதைக் கையால் வரைந்து வரைந்தே சாதித்தார்கள். அதே முறையில் சுமார் நாற்பது வினாடிக்கு ஒரு படம் நீங்களே எப்படிச் செய்வது என்று இங்கே சொல்கிறேன். நன்றாக வரையத் தெரிய வேண்டுமா என்று கேட்டால், வட்டமும் நீள்வட்டமும் ஒழுங்காக வந்தால் போதும். எண்ணத் தெரிய வேண்டும், பொறுமை வேண்டும், அவ்வளவுதான்.

மற்ற எல்லாமே ஒரு விஷயத்தைச் சுற்றித்தான் வரப்போகிறது என்பதால் அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அடி விழுந்ததும் சிரிப்பு வந்துவிடாது. அடி விழப்போகிறது என்பது பார்ப்பவருக்குத் தெரிந்திருக்கும், வாங்கப்போகிறவனுக்குத் தெரியாது. அந்த ஒன்றிரண்டு வினாடியில்தான் சிரிப்பு ஊறுகிறது. அடி விழுந்த பிறகு அவன் அசையாமல் நம்மைப் பார்க்கும் அரை வினாடியில் அது வெடிக்கிறது. நடுவில் இருக்கும் அடிக்கு இரண்டு பிரேம் போதும் (கேமரா ஒரு தடவை பிடிக்கும் ஒரு நிலைப்படம்தான் ஒரு பிரேம்). புதிதாகச் செய்கிறவர்கள் இதைத் தலைகீழாகச் செய்வார்கள். அடியை இருபது படமாக அழகாக வரைவார்கள், முன்னும் பின்னும் ஒன்றுமே இருக்காது. என் முதல் முயற்சியும் அப்படித்தான் இருந்தது. ஒரு வாரம் உட்கார்ந்து ஒருவன் மாடிப்படியில் உருண்டு விழுவதை வரைந்தேன், பார்த்தவர்களுக்கு அவன் ஏன் விழுந்தான் என்றே புரியவில்லை.

ஸ்லாப்ஸ்டிக் என்ற பெயரிலேயே இந்தச் சூட்சுமம் இருக்கிறது. இத்தாலிய மேடைக் கோமாளிகள் கையில் ஒரு கட்டை வைத்திருப்பார்கள். இரண்டு மெல்லிய மரப்பட்டையை ஒரு பக்கம் மட்டும் சேர்த்துக் கட்டியது. அந்தக் கட்டையின் ஆங்கிலப் பெயர்தான் ஸ்லாப்ஸ்டிக். லேசாகத் தட்டினாலே பட்டை இரண்டும் மோதி 'பட்டீர்' என்று சத்தம் வரும், உடம்பில் வலி இருக்காது. அடி சின்னது, அதன் விளைவு பெரியது. நம் படத்தில் அந்தச் சத்தமும் கிடையாது, அதனால் அந்த 'பட்டீர்' கண்ணுக்குத் தெரிந்தாக வேண்டும்.

முதலில் என்ன பார்க்க வேண்டும்

பென்சிலை எடுப்பதற்கு முன்னால் இரண்டு நாள் பழைய படங்களைப் பாருங்கள். அந்தக் காலப் படங்கள் பலவற்றுக்கும் பதிப்புரிமைக் காலம் முடிந்துவிட்டது, இணையத்தில் இலவசமாகவே கிடைக்கும். பின்னணி இசை சேர்த்திருந்தால் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். அப்புறம் சிரிப்பு வந்த இடத்துக்குத் திரும்பிப் போய், ஒவ்வொரு பிரேமாக நகர்த்தி, எத்தனை பிரேம் அசைவு, எத்தனை பிரேம் நிறுத்தம் என்று தாளில் எண்ணி எழுதுங்கள். எந்தப் பாடமும் இந்த எண்ணிக்கை சொல்லித் தருகிற அளவுக்குச் சொல்லித் தராது.

1906-இல் அமெரிக்காவில் ஜே. ஸ்டூவர்ட் பிளாக்டன் கரும்பலகையில் சாக்பீஸால் வரைந்த முகங்களை அசைய வைத்தார். அதில் ஒரு ஆள் சுருட்டுப் புகையை ஊதி எதிரே இருக்கும் பெண்ணின் முகத்தையே மறைத்துவிடுவான். அத்தனை எளிமையான விஷயம்தான், இருந்தாலும் ஒருவன் செய்ய இன்னொருவர் மாட்டிக்கொள்கிற அமைப்பு அதிலேயே வந்துவிட்டது. இரண்டு வருஷம் கழித்து, 1908-இல், பிரான்ஸில் எமில் கோல் 'ஃபாண்டஸ்மகோரி' எடுத்தார். சுமார் 700 ஓவியம், ஒவ்வொன்றையும் இரண்டு முறை படம்பிடித்திருக்கிறார், மொத்தப் படமும் இரண்டு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். வெள்ளைத் தாளில் கறுப்புக் கோட்டால் வரைந்து, கறுப்பும் வெள்ளையும் இடம் மாறிய நெகட்டிவ்வை அப்படியே பயன்படுத்தியதால் கரும்பலகையில் வரைந்தது போலத் தெரியும். அதில் எதுவும் எதுவாகவும் மாறும். கோடு வளையும், பூவாகும், இன்னொரு ஆளாகும். உடைந்துபோன கோமாளியை வரைந்தவரின் கையே வந்து ஒட்டிவிடும். விழுந்து உடைவது, ஒட்டி எழுவது என்று வரையப்பட்ட உடம்புக்கு மட்டுமே முடிகிற காமெடி அங்கேதான் தொடங்குகிறது.

அமெரிக்க ஓவியர் வின்சர் மெக்கே 1912-இல் எடுத்த கொசுப் படத்தைக் கட்டாயம் பாருங்கள். தொப்பி போட்ட ஒரு கொசு, தூங்குகிறவனின் முகத்தில் உட்கார்ந்து மறுபடி மறுபடி குடிக்கிறது. ஒவ்வொரு தடவையும் வயிறு இன்னும் கொஞ்சம் பெருக்கிறது, நடை இன்னும் கொஞ்சம் தள்ளாடுகிறது. கடைசியில் வெடிக்கும் என்பது இரண்டாவது உறிஞ்சலிலேயே நமக்குத் தெரிந்துவிடும், கொசுவுக்குத் தெரியாது. நான் சொன்ன அந்த 'தெரிந்தும் தெரியாத' நேரத்தை மெக்கே படம் முழுக்க நீட்டி வைத்திருக்கிறார். 1914-இல் அவர் செய்த டைனோசர் ஜெர்ட்டியையும் பாருங்கள். திட்டினால் அழும், கோபம் வந்தால் மாமத் என்ற பழங்கால யானையைத் தூக்கி ஏரியில் வீசும். அந்த உடம்பின் எடை நமக்கு உறைப்பதால்தான் அது தூக்கி எறிவது வேடிக்கையாக இருக்கிறது. எடையே இல்லாத உருவம் விழுந்தால் யாருக்கும் சிரிப்பு வராது.

அப்புறம் ஃபெலிக்ஸ் பூனை. 1919-இல் வந்தது. பாட் சல்லிவன் ஸ்டுடியோவில் ஆட்டோ மெஸ்மர் வரைந்தது. மெஸ்மர் அதற்கு முன்னால் சாப்ளினைக் கார்ட்டூனாக வரைந்தவர், அதற்காக சாப்ளினே தன் புகைப்படங்களை அனுப்பியிருக்கிறார். உடம்பைச் சாய்ப்பது, தோளைக் குலுக்குவது, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு யோசித்தபடி நடப்பது என்று மனசில் ஓடுவதை உடம்பால் சொல்வதை அங்கேதான் கற்றுக்கொண்டார். ஃபெலிக்ஸின் வால் கழன்று வரும், கைத்தடியாகும், கொக்கியாகும். தலைக்கு மேல் தோன்றும் கேள்விக்குறியைக் கையால் பிடித்துக் கருவியாக்கிக்கொள்ளும். முதல் படத்திலேயே காற்றில் மிதந்த இசைக்குறிகளைப் பிடித்து வண்டி செய்தது. 1927-இல் டிஸ்னி ஸ்டுடியோவின் ஆஸ்வால்ட் முயலும் இந்த வழிதான். அதிர்ஷ்டம் வேண்டும் என்று தன் காலையே கழற்றித் தேய்த்துக்கொள்ளும். முயல்கால் அதிர்ஷ்டம் என்பது அந்த ஊர் நம்பிக்கை.

ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். அந்தக் காலப் படங்களில் கறுப்பின மக்களையும் வேறு சில இனத்தவரையும் கேவலப்படுத்தி வரைந்த முகங்கள் நிறைய வரும். அவர்கள் எண்ணி வைத்த நேரத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், அந்த முகங்களை விட்டுவிடுங்கள். காமெடிக்கு அது ஒருபோதும் தேவைப்பட்டதில்லை.

என்ன நடக்கப்போகிறது என்று எழுதுவது

கதை வேண்டாம். ஒரு ஆள், ஒரு வேலை, ஒரு பொருள் போதும். வேலை எவ்வளவு சின்னதோ அவ்வளவு நல்லது, ஏனென்றால் பார்த்த மாத்திரத்தில் 'இவன் இதைச் செய்ய நினைக்கிறான்' என்று புரிந்துவிட வேண்டும். புரியாவிட்டால் அது கெட்டுப்போவதும் புரியாது.

நான் ஒன்று எழுதிக் காட்டுகிறேன், முழு வழிகாட்டியும் இதை வைத்தே போகும். ஒருவன் சுவரில் ஒரு படச்சட்டம் மாட்ட வேண்டும். ஆணியை வைத்து அடிக்கிறான், ஆணி வளைந்து விழுகிறது. சுத்தியல் கை நழுவி அவன் கால் கட்டைவிரலில் விழுகிறது. வலியில் தலைக்கு மேல் ஒரு ஆச்சரியக்குறி எழுகிறது. அவன் அதைப் பார்க்கிறான். மேலே தடித்து, கீழே கூர்மையாக இருக்கிறது, ஆணி மாதிரியே இருக்கிறது. அதைப் பிடுங்கிச் சுவரில் அடித்துச் சட்டத்தை மாட்டிவிடுகிறான். ஆனால் ஆச்சரியக்குறிக்குக் கீழே ஒரு புள்ளி இருந்ததே, அது கீழே விழுந்து அவன் காலுக்குப் பின்னால் உருண்டு வந்து நிற்கிறது. அவனோ மாட்டிய படத்தின் அழகைப் பார்க்கப் பின்னால் நகர்கிறான்.

இதை ஏன் தேர்ந்தெடுத்தேன் என்றால், சுத்தியல் காலில் விழுவதை உயிருள்ள நடிகரும் செய்துவிடுவார். அமெரிக்காவில் 1912-இல் தொடங்கி, நடிகர்களை வைத்துக் காமெடிப் படம் எடுத்த கீஸ்டோன் ஸ்டுடியோவின் ஆட்கள் நம்மைவிடப் பிரமாதமாக விழுந்தார்கள், அவர்கள் உண்மையிலேயே விழுந்தார்கள் என்பதே பாதி ரசனை. நம் ஆள் கோடு. அவன் விழுவதில் ஆபத்தே இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும். அதனால் கோட்டால் மட்டுமே முடிகிற ஒன்று படத்தில் எங்காவது வந்தாக வேண்டும். இங்கே வலியின் அடையாளமாக வந்த குறியே கருவியாகிறது, அந்தக் கருவியின் மிச்சமே அவனைக் கவிழ்க்கிறது. நீங்கள் உங்கள் காட்சியை எழுதி முடித்ததும் இப்படிச் சோதித்துப் பாருங்கள்: இதை ஒரு நடிகரை வைத்துக் கேமராவில் எடுக்க முடியுமா? முழுக்க முடியும் என்றால் இன்னும் யோசியுங்கள்.

இன்னொரு விஷயம், கடைசி அடிக்குப் பிறகு ஒரு சின்ன அடி மீதம் வைத்திருங்கள். அவன் விழுந்த அதிர்ச்சியில் சட்டம் ஆடுகிறது, நின்றுவிடுகிறது, அப்பாடா என்று நினைக்கும்போது கழன்று அவன் தலைமேல் விழுகிறது. முகம் சட்டத்துக்குள் மாட்டிக்கொள்கிறது, அவனே படமாகிவிடுகிறான். இதற்கு மேல் எதுவும் வேண்டாம், அங்கே முடித்துவிடுங்கள்.

ஆளை வரைவது

நூறு தடவைக்கு மேல் வரையப்போகிற உருவம் இது. சட்டையில் பொத்தான் வைத்தால் ஒவ்வொரு தடவையும் அந்தப் பொத்தானை வரைய வேண்டும், ஒன்றில் இடம் மாறினாலும் திரையில் துள்ளும். தலை ஒரு வட்டம், உடம்பு ஒரு பேரிக்காய், கையும் கால்களும் ரப்பர் குழாய் மாதிரி முட்டியே இல்லாமல் வளையட்டும். அந்தக் காலத்தில் இந்த ரப்பர் கை கால் பரவியதற்கு அழகைவிட வேகமே பெரிய காரணம். முட்டியும் மணிக்கட்டும் இல்லையென்றால் வரைவது பாதி நேரத்தில் முடியும், அடி வாங்கும்போது வளைந்து அலை அலையாக ஆடவும் வசதி. உடம்பை முழுக்கக் கறுப்பாக நிரப்பிவிட்டால் இன்னும் நல்லது. ஃபெலிக்ஸும் முழுக்கக் கறுப்புதான். வெறும் கோடு என்றால் ஒவ்வொரு பிரேமிலும் நடுங்கும், கறுப்புத் திட்டு நடுங்குவது கண்ணுக்குத் தெரியாது.

கறுப்பாக நிரப்பினால் ஒரு நிபந்தனை உண்டு. கை உடம்புக்கு முன்னால் வந்தால் காணாமல் போய்விடும். அதனால் சுத்தியல் பிடித்த கை எப்போதும் உடம்புக்கு வெளியே, வெள்ளைப் பின்னணியில் இருக்க வேண்டும். இது தொல்லை போலத் தோன்றும், ஆனால் இதுதான் உங்களுக்குக் கிடைக்கும் சிறந்த ஆசிரியர். வெறும் நிழலாகப் பார்த்தாலும் என்ன செய்கிறான் என்று புரிகிற மாதிரியே எல்லா நிலையையும் வரைந்து பழகிவிடுவீர்கள். கண் மட்டும் பெரிதாக, வெள்ளையாக, கறுப்பு விழியோடு இருக்கட்டும். பாதிக் காமெடியை அந்த விழிதான் செய்யப்போகிறது.

தாள், துளை, பிரேம்

மெல்லிய வெள்ளைத் தாள், கீழே விளக்கு எரியும் ஒரு கண்ணாடிப் பலகை, மேலே கேமராவோ போனோ அசையாமல் நிற்க ஒரு தாங்கி. தாள்கள் ஒன்றன்மேல் ஒன்று துல்லியமாக உட்கார வேண்டும், இதை மட்டும் அலட்சியப்படுத்தாதீர்கள். எல்லாத் தாளிலும் ஒரே இடத்தில் துளை போட்டு, பலகையில் பதித்த இரண்டு மூன்று முளைகளில் மாட்டிவிடுங்கள். நியூயார்க்கில் ராவுல் பாரே தன் ஸ்டுடியோவில் கொண்டுவந்த முறை இது, இன்று வரை காகிதத்தில் வரைகிறவர்கள் எல்லோரும் இதையேதான் செய்கிறார்கள். டேப்லெட்டில் வரைகிறீர்கள் என்றால் இந்தக் கவலை இல்லை, ஆனால் மீதி எல்லாம் அப்படியே பொருந்தும்.

சுவர், தரை, பின்னணி எல்லாவற்றையும் ஒவ்வொரு தாளிலும் மறுபடி வரையாதீர்கள். மெக்கே ஜெர்ட்டி படத்துக்குப் பின்னணியைக்கூட ஒவ்வொரு தாளிலும் வரைய வைத்தார், அதற்கென்றே ஜான் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் என்ற உதவியாளர் உட்கார்ந்து நகல் எடுத்தார். அதே காலத்தில், 1914-இல், ஏர்ல் ஹர்ட் ஒளி ஊடுருவும் செல்லுலாய்டு தாளில் உருவத்தை வரைந்து, பின்னணி மேல் வைத்துப் படம்பிடிக்கும் முறைக்கு விண்ணப்பித்துக் காப்புரிமையும் வாங்கினார். அதற்குப் பிறகுதான் வாரத்துக்கு ஒரு படம் என்பதெல்லாம் சாத்தியமானது. நீங்களும் பின்னணியை ஒரே தடவை வரைந்து கீழே வையுங்கள். ஒரு கோட்டுத் தரை, ஒரு வெறும் சுவர், அது போதும்.

வேகத்துக்கு வருவோம். மௌனப்படக் காலத்தில் வினாடிக்கு 16 பிரேம் என்பது பொதுவான அளவு. கேமராக்காரர் கையால் சுற்றியதால் அது கூடும் குறையும், திரையிடுகிறவரும் தன் இஷ்டத்துக்குச் சுற்றுவார். நாம் 16 என்றே வைத்துக்கொள்வோம். 40 வினாடி என்றால் 640 பிரேம். எண்ணைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். சாதாரண அசைவுக்கு ஒரு படத்தை இரண்டு பிரேம் நிறுத்துங்கள். அடி விழும் இடம், தெறிக்கும் இடம் மட்டும் ஒரு படத்துக்கு ஒரு பிரேம். அசையாமல் நிற்கும் இடங்களும், திரும்பத் திரும்ப ஓடும் சுழற்சிகளும் மீதியைப் பார்த்துக்கொள்ளும். என் கணக்கில் இந்தப் படம் 150 ஓவியத்துக்குள் முடியும்.

பிரேம் பிரேமாக

அவன் உள்ளே நடந்து வருகிறான். நடைக்கு எட்டுப் படம் வரையுங்கள். ஒவ்வொன்றும் இரண்டு பிரேம், ஒரு சுற்று முடிய ஒரு வினாடி, இரண்டு காலடி. இந்த எட்டையே மூன்று முறை ஓட்டினால் மூன்று வினாடி வந்துவிடும். காலை ஊன்றும்போது உடம்பு கொஞ்சம் நசுங்கட்டும், எட்டு வைக்கும்போது கொஞ்சம் நீளட்டும். நடையிலேயே அவன் யார் என்று தெரிய வேண்டும். இவன் தன் வேலையில் ரொம்ப நம்பிக்கை உள்ளவன், நெஞ்சை நிமிர்த்தி நடக்கட்டும். நம்பிக்கை உள்ளவன் விழுந்தால்தான் ரசனை.

ஆணி அடிக்கும் இடத்தில் சுத்தியல் மேலே போக 6 பிரேம். மேலே போனதும் 8 பிரேம் அப்படியே நிறுத்துங்கள். இறங்க 2 பிரேம், அதற்கு மேல் கொடுக்காதீர்கள். ஆணியில் பட்ட அந்த ஒரு பிரேமில் சுத்தியலைச் சுற்றிக் கதிர் மாதிரி கோடுகள் தெறிக்கட்டும், நமக்கு அதுதான் 'பட்டீர்'. உடனே கையும் உடம்பும் 6 பிரேம் அதிரட்டும். ஆணி வளைந்திருக்கிறது. அவன் அதைப் பார்க்க 12 பிரேம். அப்புறம் நம்மைப் பார்க்க 8 பிரேம். அவசரப்பட்டு இந்த இருபதில் கைவைத்துவிடாதீர்கள். அவன் பார்க்கும்போது கண்ணிலிருந்து பொருளுக்கு ஒரு புள்ளிக்கோடு ஓட விடலாம், பழைய படங்களில் இது சகஜம். வசனம் இல்லாத இடத்தில் அவன் எதைப் பார்க்கிறான் என்பதற்கு அதைவிடத் தெளிவான வழி இல்லை.

சுத்தியல் நழுவி விழ 5 பிரேம். ஆரம்பத்தில் படங்களுக்கு இடைவெளி குறைவு, போகப் போக அதிகம், அப்போதுதான் அது கனமாகத் தெரியும். காலில் பட்டதும் கட்டைவிரலை உடனே வீங்க வைக்காதீர்கள். பத்து பிரேம் ஒன்றுமே நடக்க வேண்டாம். அவன் முகம் அப்படியே இருக்கட்டும், விழி மட்டும் மெல்லக் கீழே போகட்டும். அப்புறம் விரல் பலூன் மாதிரி பெருக்கட்டும், ஆச்சரியக்குறி தலையிலிருந்து 3 பிரேமில் பாய்ந்து வெளியே வரட்டும். வந்ததும் 16 பிரேம் நிற்கட்டும், ஏனென்றால் இப்போதுதான் பார்ப்பவர் அதை வெறும் குறியாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார். அவன் கண் மேலே போகிறது, குறியைப் பார்க்கிறது. சுவரைப் பார்க்கிறது. மறுபடி குறியைப் பார்க்கிறது. இந்த மூன்று பார்வையில் பார்ப்பவரே யோசனையைக் கண்டுபிடித்துவிடுவார், அவன் கையை நீட்டும்போது 'ஆமாம்' என்று சிரிப்பார். குறியைப் பிடுங்கும்போது ஒரு தடவை வராமல் இழுபட்டு, ரப்பர் மாதிரி நீண்டு, அப்புறம் கழன்று வரட்டும். அப்போதுதான் அது பொருளாகிறது.

புள்ளி விழும் இடம்தான் படத்தின் உயிர். புள்ளி தரையில் விழுந்து இரண்டு தடவை குதித்து, மெதுவாக உருண்டு, அவன் காலுக்குச் சற்றுப் பின்னால் நிற்கிறது. அது உருளும்போது திரையில் வேறு எதுவும் அசையக் கூடாது. அவன் ஆணியைப் பார்த்துக்கொண்டு சிலையாக நிற்கட்டும். இரண்டு இடத்தில் அசைவு இருந்தால் கண் எதைப் பிடிப்பது என்று தெரியாமல் போகும், புள்ளியைத் தவறவிட்டால் படமே போயிற்று.

இப்போது அவன் சட்டத்தை மாட்டிவிட்டுப் பின்னால் ஒரு எட்டு வைக்கிறான். இன்னொரு எட்டு. கால் புள்ளிக்கு ஒரு விரல் தூரத்தில் நிற்கிறது. நிற்கட்டும், 12 பிரேம். தலையைச் சாய்த்துப் பார்க்கிறான். சட்டம் கொஞ்சம் கோணலாக இருக்கிறது. முன்னால் போய் நேராக்குகிறான். பார்ப்பவர் மூச்சை விட்டிருப்பார். திரும்பவும் பின்னால் வருகிறான், அதே எட்டு, அதே இடம், ஆனால் இந்த முறை ஒரு எட்டு கூடுதல். இந்தத் தள்ளிப்போடலுக்காகவே நான் இவ்வளவு தூரம் வந்தேன் என்று சொன்னால் மிகையில்லை. முதல் முறையே விழுந்திருந்தால் அது எதிர்பார்த்த விழுதல். ஒரு முறை தப்பித்துவிட்டு விழுந்தால், விழுவான் என்று தெரிந்தும் எப்போது என்று தெரியாது. அதற்காக நான்கு தடவை தப்பிக்க விடாதீர்கள், ஒன்று போதும், இரண்டாவதுக்கு மேல் பார்ப்பவர் சலித்துவிடுவார்.

வழுக்கியதும் கால் இரண்டும் காற்றில் ஓடட்டும். இதற்கு இரண்டே படம் வரைந்து மாற்றி மாற்றி 12 பிரேம் ஓட்டுங்கள், கால்களுக்குப் பதில் வட்டமாகச் சில கோடுகள் போட்டாலே போதும். அப்புறம் உடம்பு படுக்கையாக, அந்தரத்தில், 6 பிரேம் நிற்கட்டும். நம்மைப் பார்க்கட்டும். அந்தரத்தில் நிற்பது கோட்டுக்கு மட்டுமே கிடைத்த வரம், அதைச் சும்மா விடக் கூடாது. விழ 2 பிரேம். தரையில் பட்ட ஒரு பிரேமில் தோசை மாதிரி தட்டையாக நசுங்கட்டும், அடுத்த 4 பிரேமில் மேலே எழும்பி நீண்டு பழைய உருவத்துக்கு வரட்டும். நசுங்கும்போது அகலம் கூடினால் உயரம் குறைய வேண்டும், இல்லாவிட்டால் ஆள் பெரிதானது போலத் தெரியும். அப்புறம் 16 பிரேம் அசைவே வேண்டாம். தலையைச் சுற்றி நான்கு நட்சத்திரம் சுழலலாம், அதற்கும் நான்கு படம் போதும்.

சட்டம் ஆட 8 பிரேம், நிற்க 12, விழ 4. முகம் சட்டத்துக்குள். கண் இமைக்கிறான், ஒரே ஒரு தடவை. 24 பிரேம் நிறுத்திவிட்டு, அந்தக் காலப் படங்களில் செய்வது போல நான்கு பக்கமும் கறுப்பு சூழ்ந்துவர, நடுவில் தெரியும் வட்டம் சுருங்கிச் சுருங்கி அவன் முகத்தில் மூடட்டும்.

எல்லா நிலைகளையும் முதலில் முக்கியப் படங்களாக மட்டும் வரைந்துவிடுங்கள். சுத்தியல் மேலே, சுத்தியல் ஆணியில், கால் புள்ளியில், உடம்பு அந்தரத்தில் என்று ஒரு இருபது இருக்கும். அவற்றைச் சொன்ன பிரேம் கணக்கில் நிறுத்தி ஓட்டிப் பாருங்கள். இடைப்படங்கள் இல்லாமலே இந்த இருபதில் சிரிப்பு எட்டிப் பார்க்க வேண்டும். மெக்கேயும் முதலில் முக்கிய நிலைகளை வரைந்துவிட்டு நடுவை அப்புறம்தான் நிரப்பினார். இருபதிலேயே சப்பென்று இருந்தால் இடைப்படம் வரைந்து பிழைக்க வைக்க முடியாது, நிறுத்தங்களை மாற்றுங்கள்.

இசை சேர்ப்பதா வேண்டாமா

அந்தக் காலத்தில் படத்தில்தான் சத்தம் இல்லை, அரங்கத்தில் இருந்தது. பியானோவோ ஆர்கனோ ஒருவர் உட்கார்ந்து படத்தைப் பார்த்தபடியே வாசிப்பார். நீங்களும் கடைசியில் இசை சேர்க்கலாம், தப்பில்லை. ஆனால் படம் முழுக்க முடிந்து, சத்தமே இல்லாமல் ஒருவரைச் சிரிக்க வைத்த பிறகுதான் சேர்க்க வேண்டும். இசையை முதலிலேயே போட்டுவிட்டால் எங்கே நேரம் தப்பியிருக்கிறது என்பதை அது மறைத்துவிடும்.

படம் முடிந்ததும் இதைப் பற்றி எதுவுமே தெரியாத ஒருவரிடம் காட்டுங்கள். என்ன படம், என்ன நடக்கும் என்று சொல்லாதீர்கள். நீங்கள் திரையைப் பார்க்காமல் அவர் முகத்தைப் பாருங்கள். புள்ளி உருளும்போது அவர் கண் அதோடு போகிறதா? முதல் முறை கால் புள்ளிக்கு அருகில் நின்றபோது முகத்தில் ஏதாவது மாறியதா? மாறவில்லை என்றால் அங்கே நான்கு பிரேம் கூட்டி, வேறொருவரிடம் காட்டுங்கள். விழுந்த பிறகு சிரிப்பு வந்து அது அடங்குவதற்குள் சட்டம் விழுந்துவிட்டதா, அப்படியானால் நடுவில் எட்டு பிரேம் சேருங்கள். ஒரே ஓவியத்தை இன்னும் அரை வினாடி நிறுத்துவதுதான் இது, புதிதாக எதையும் வரைய வேண்டியதில்லை.